கையால் பேசும் மொழியும் ஒரு விவசாயக் குடும்பத்துப் பிள்ளையும்

கண்டியைச் சுற்றியுள்ள குடியேற்றங்களிலும் தற்காலிக இருப்பிடங்களிலும் வாழும் எமது குடும்பங்கள் வெவ்வேறு காரணங்களால் நிலத்தை இழந்தவை. 1980களில் விக்டோரியா நீர்த்தேக்கம் நிரம்பியபோது பழைய தெல்தெனிய நகரமும் அதைச் சூழ்ந்த வயல்களும் நீருக்குள் போயின. 1977இலும் 1983இலும் நடந்த வன்செயல்களால் தோட்டங்களை விட்டு ஓடியவர்கள் உண்டு. யுத்த காலத்தில் வடக்கு, கிழக்கிலிருந்து வந்து சேர்ந்தவர்கள் உண்டு. மழைக்காலத்தில் மலை சரிந்து, வீட்டையும் மரக்கறித் தோட்டத்தையும் ஒரே இரவில் பறிகொடுத்தவர்களும் உண்டு.

இடம்பெயர்ந்த குடும்பத்துக்குப் பிரச்சினைகள் பல. காணிக்கு உறுதி வேண்டும். கூரைக்குத் தகரம் வேண்டும். பிள்ளைகளுக்குப் பாடசாலை அனுமதி வேண்டும். இவற்றுக்காகக் கிராம சேவகரிடமும் பிரதேச செயலகத்திலும் வரிசையில் நிற்கிறோம். ஆனால் எந்த வரிசையிலும் நில்லாத ஒருவர் சில வீடுகளில் இருக்கிறார். அவர்தான் காது கேளாத பிள்ளை. அந்தப் பிள்ளை தன் குறையைத் தானே எடுத்துச் சொல்ல முடியாது. சொல்லுவதற்கு ஒரு மொழி வேண்டும் அல்லவா? அந்த மொழியை அதற்கு ஒருவரும் கொடுக்கவில்லை. ஊரும் "ஊமை" என்று ஒரு சொல்லைச் சொல்லிவிட்டுப் போய்விடுகிறது.

சைகை மொழியை ஆராய்ந்த ஒரு மொழியியலாளரின் வாழ்க்கையை இவ்விதழில் விளக்க விரும்புகிறோம். பல்கலைக்கழக ஆராய்ச்சிக்கும் எமக்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். அவர் விவசாயக் குடும்பத்தில் பிறந்து, மாடு மேய்த்து வளர்ந்தவர். தாமே காது கேளாதவர். அவர் கண்டறிந்த உண்மை எமது வீடுகளுக்கு நேரடியாக வேண்டிய உண்மை.

மாடு மேய்த்த மாணவன்

அவர் பெயர் மதன் வசிஷ்டா. இந்தியாவின் வடக்கே, இமயமலை அடிவாரத்தில் உள்ள கக்ரெட் என்ற ஊரில் 1940களின் தொடக்கத்தில் பிறந்தார். இன்று அவ்வூர் இமாசலப் பிரதேச மாநிலத்தில் இருக்கிறது. அவர் பிறந்த காலத்தில் அது பஞ்சாப்பைச் சேர்ந்திருந்தது.

பதினொரு வயதுவரை அவர் மற்றப் பிள்ளைகளைப் போலவே கேட்டார், பேசினார், பாடசாலைக்குப் போனார். அப்போது நெருப்புக் காய்ச்சலும் கூகைக்கட்டும் சேர்ந்து வந்தன. நோய் மாறியது. ஆனால் கேட்கும் சக்தி போய்விட்டது. வைத்தியர்களிடம் கொண்டுபோனார்கள். நாட்டு மருந்து கொடுத்தார்கள். மந்திரிப்பவர்களையும் பார்த்தார்கள். இவை எல்லாம் எமது பெற்றோரும் செய்கின்றவையே. பிள்ளைமேல் உள்ள பாசத்தால் செய்யப்படுபவை; அதைக் குறைசொல்ல முடியாது. ஆனால் மருந்து தேடிய அந்தக் காலம் முழுவதும் அவருடைய படிப்பு நின்றுபோயிற்று. கேளாத பிள்ளைக்குப் பாடம் சொல்லிக்கொடுக்க அந்த ஊரில் வழி இருக்கவில்லை. ஆகவே அவர் வீட்டு மாடுகளை மேய்த்தார்; வயல் வேலை செய்தார்.

ஒன்றைக் கவனியுங்கள். பதினொரு வயதிலேயே அவருக்குத் தாய்மொழி முழுமையாக வந்துவிட்டது. வாசிக்கவும் எழுதவும் தெரியும். காது போனது, மொழி போகவில்லை. ஆகவே வீட்டில் இருந்தபடி தாமாகவே படித்துப் பரீட்சை எழுத அவரால் முடிந்தது. பிறக்கும்போதே காது கேளாத பிள்ளையின் நிலை இதுவல்ல. இந்த வேறுபாட்டுக்குப் பின்னர் மறுபடியும் வருவோம்.

டில்லியில் கிடைத்த மொழி

இருபது வயதளவில், 1960களின் தொடக்கத்தில், அவர் டில்லிக்குப் போனார். அங்கே செவிப்புலனற்றோருக்குப் புகைப்படத் தொழில் கற்பிக்கும் நிறுவனம் ஒன்று இருந்தது. தொழில் கற்கப் போனவருக்கு அங்கே தொழிலோடு ஒரு மொழியும் கிடைத்தது. கேளாதவர்கள் பலர் ஒன்றுகூடிக் கைகளால் பேசிச் சிரித்துக்கொண்டிருப்பதை அங்கேதான் கண்டார். ஊரில் இருந்தபோது அப்படி ஒரு மொழி இருப்பதாக எவரும் அவருக்குச் சொல்லியிருக்கவில்லை. நகரத்திலும் படித்தவர்கள் அதை மொழியாக மதிக்கவில்லை. ஏதோ கையாட்டல் என்றே நினைத்தார்கள்.

அவர் புகைப்படக்காரராக வேலை செய்தார். கேளாதோர் சங்கப் பணிகளிலும் ஈடுபட்டார். 1967இல் அமெரிக்காவின் வாஷிங்டன் நகரிலுள்ள கலோடெட் கல்லூரியில் அவருக்கு இடம் கிடைத்தது. 1864 முதல் செவிப்புலனற்றோருக்காகவே உயர்கல்வி வழங்கிவரும் நிறுவனம் அது. இப்போது பல்கலைக்கழகமாக இருக்கிறது. அங்கே படித்துப் பட்டம் பெற்று, பின்னர் கலாநிதிப் பட்டமும் பெற்றார். அமெரிக்காவில் கேளாதோர் பாடசாலைகளின் தலைமைப் பொறுப்பை வகித்தார். கலோடெட்டிலேயே ஆசிரியப் பணியும் செய்தார். தமது இளமைக் கால வாழ்க்கையை ஒரு நூலாக எழுதி 2006இல் வெளியிட்டார்.

வெங்காயமும் ஆப்பிளும்

வசிஷ்டா கலோடெட்டுக்குப் போவதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்பே அங்கே ஒரு பெரிய மாற்றம் தொடங்கியிருந்தது. அதைத் தொடக்கியவர் வில்லியம் ஸ்டோக்கோ என்ற ஆங்கிலப் பேராசிரியர். அவர் 1919இல் பிறந்து 2000இல் காலமானார். அவருக்குக் காது கேட்கும். 1955இல் ஆங்கிலம் கற்பிக்கவே கலோடெட்டுக்கு வந்தார்.

அதற்கு முந்திய நிலையையும் சொல்ல வேண்டும். 18ஆம் நூற்றாண்டில் பாரிஸ் நகரில் டி லெப்பே என்ற குருவானவர் கேளாத ஏழைப் பிள்ளைகளுக்குச் சைகை மூலம் கற்பிக்கும் பாடசாலையை நடத்தினார். கேளாத சகோதரிகள் இருவரைச் சந்தித்ததே அவருடைய பணிக்குத் தொடக்கம். அந்த வழி பல நாடுகளுக்குப் பரவியது. ஆனால் 1880இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய ஆசிரியர் மாநாடு, சைகையை விலக்கி வாய்ப்பேச்சையே கற்பிக்க வேண்டும் என்று தீர்மானித்தது. அதன் பின் பல நாடுகளின் வகுப்பறைகளில் சைகை தடைசெய்யப்பட்டது. கையால் பேசினால் அடி விழுந்த பாடசாலைகளும் இருந்தன.

ஸ்டோக்கோ மாணவர்கள் தமக்குள் பேசுவதைக் கூர்ந்து கவனித்தார். அதில் ஓர் ஒழுங்கு இருப்பதைக் கண்டார். தமிழில் "கல்", "பல்" என்ற இரண்டு சொற்களில் முதல் எழுத்து மட்டும் மாறுகிறது; பொருள் முற்றாக மாறிவிடுகிறது. சைகையிலும் அப்படியே நடக்கிறது என்று அவர் காட்டினார். ஒரு சைகையில் கையின் வடிவம் ஒன்று, அது செய்யப்படும் இடம் ஒன்று, அசைவு ஒன்று. இவற்றில் ஒன்று மாறினால் சொல்லும் மாறுகிறது. அமெரிக்கச் சைகை மொழியில் மடித்த சுட்டுவிரலைக் கன்னத்தில் வைத்துத் திருகினால் ஆப்பிள். அதே கை வடிவம், அதே திருகல், ஆனால் கண்ணுக்குப் பக்கத்தில் செய்தால் வெங்காயம்.

1960இல் இந்த ஆய்வை அவர் வெளியிட்டபோது சொந்தக் கல்லூரியிலேயே பலர் அதைப் பொருட்படுத்தவில்லை. சைகைக்கு இலக்கணமா என்று கேலி செய்தவர்களும் உண்டு. அவர் விடவில்லை. 1965இல் டொரதி காஸ்டர்லைன், கார்ல் குரோன்பெர்க் என்ற இருவருடன் சேர்ந்து அமெரிக்கச் சைகை மொழிக்கு அகராதி ஒன்றை வெளியிட்டார். அந்த இருவரும் செவிப்புலனற்றவர்கள். சைகை, வாய்ப்பேச்சின் குறைந்த நகல் அல்ல, தனக்கென இலக்கணமுள்ள முழுமையான மொழி என்பது இன்று உலகெங்கும் ஏற்றுக்கொள்ளப்பட்ட உண்மை. மிலான் தீர்மானத்தையும் 2010இல் கனடாவில் கூடிய அதே மாநாட்டினர் தவறு என்று கூறி வருத்தம் தெரிவித்தனர்.

நான்கு நகரங்கள், ஒரு மொழி

அமெரிக்காவின் சைகை ஒரு மொழியென்றால், இந்தியாவில் கேளாதவர்கள் பேசுவது எது? இந்தக் கேள்வியோடு 1977இல் வசிஷ்டா இந்தியாவுக்குத் திரும்பினார். ஜேம்ஸ் உட்வர்ட், கேர்க் வில்சன் என்ற அமெரிக்க ஆய்வாளர்களும் உடன் வந்தார்கள். டில்லி, கல்கத்தா, பம்பாய், பெங்களூர் ஆகிய நான்கு நகரங்களில் கேளாதவர்களிடமிருந்தே சைகைகளைச் சேகரித்தார்கள். ஒரு சொல்லுக்கு ஒவ்வொரு நகரத்திலும் கை எப்படி அசைகிறது என்று ஒப்பிட்டார்கள்.

டில்லியில் ஹிந்தி பேசுகிறார்கள். கல்கத்தாவில் வங்காளம், பம்பாயில் மராத்தி, பெங்களூரில் கன்னடம். வாய்மொழிகள் இப்படிப் பிரிந்து கிடக்கும்போது சைகைகளும் பிரிந்தே இருக்கும் என்று எவரும் எதிர்பார்ப்பார்கள். ஆனால் சேகரித்த சைகைகளில் ஏறக்குறைய 75 வீதமானவை நான்கு நகரங்களிலும் ஒன்றோடொன்று உறவுடையனவாக இருந்தன. இலக்கணமும் ஒத்திருந்தது. அது இந்த உபகண்டத்திலேயே வளர்ந்த மொழி என்றும், மேல்நாட்டிலிருந்து இரவல் வாங்கியது அல்ல என்றும் அவர்கள் முடிவுக்கு வந்தார்கள். 1980 தொடக்கம் நகரம் நகரமாக அகராதிகள் வெளிவந்தன.

அந்த மொழியின் சில இயல்புகளை எளிதாக விளங்கிக்கொள்ளலாம். பெண் என்பதற்கு மூக்குத்தி அணியும் இடத்தைத் தொடுவார்கள். ஆண் என்பதற்கு மீசை. கேள்விச் சொல் வசனத்தின் இறுதியில் வரும். "எங்கே போகிறாய்?" என்று நாம் கேட்பதைச் சைகையில் "நீ போ எங்கே?" என்ற ஒழுங்கில் கேட்பார்கள். கொடுப்பதற்கான சைகையில் கை எந்தத் திசையில் போகிறது என்பதே யார் யாருக்குக் கொடுத்தார் என்பதைச் சொல்லிவிடும். என்னிடமிருந்து உன் பக்கம் போனால் நான் உனக்குக் கொடுத்தேன். உன்னிடமிருந்து என் பக்கம் வந்தால் நீ எனக்குக் கொடுத்தாய். புருவம் உயர்வதும் தலை அசைவதும்கூட இலக்கணத்தின் பகுதிகளே.

சைகை மொழி உலகம் முழுவதற்கும் ஒன்று என்று சிலர் நினைக்கிறார்கள். அது சரியல்ல. இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் வாயால் பேசுவது ஒரே ஆங்கிலம். ஆனால் அந்த இரு நாடுகளின் சைகை மொழிகளும் ஒன்றுக்கொன்று விளங்காதவை. கேளாத மக்கள் எங்கே கூடி வாழ்கிறார்களோ அங்கே அவர்களுடைய மொழி வளர்கிறது.

வசிஷ்டாவும் நண்பர்களும் போட்ட அத்திவாரத்தின் மேல் பின்வந்தவர்கள் கட்டினார்கள். ஜேர்மனியைச் சேர்ந்த உல்ரிக்கே சேஷான் இந்திய, பாகிஸ்தான் சைகை மொழியின் இலக்கணத்தை ஆராய்ந்து 2000இல் நூலாக வெளியிட்டார். 2015இல் இந்திய அரசு சைகை மொழிக்கென ஓர் ஆராய்ச்சிப் பயிற்சி நிலையத்தை டில்லியில் நிறுவியது. 2021இல் அந்த நிலையம் 10,000 சொற்கள் கொண்ட அகராதியை வெளியிட்டது. இருபது வயதுவரை சைகை மொழி என்று ஒன்று இருப்பதையே அறியாதிருந்த ஒரு மாட்டிடையனின் வேலைக்கு இதில் பெரும் பங்குண்டு.

சிதறினால் தேயும், கூடினால் வளரும்

இனி எமது விடயத்துக்கு வருவோம். மொழி தனியாக ஒருவரிடம் வளர்வதில்லை. நெல் மணி ஒன்றை வைத்துக்கொண்டு வயல் விதைக்க முடியாது என்பது உங்களுக்குத் தெரியும். தூர இருக்கும் நாடொன்றில் இது கண்ணெதிரே நிரூபணமாயிற்று.

மத்திய அமெரிக்காவில் நிக்கராகுவா என்ற சிறிய நாடு இருக்கிறது. 1970கள் வரை அங்கே கேளாத பிள்ளைகள் தத்தம் வீடுகளில் தனித்தனியே கிடந்தார்கள். ஒவ்வொரு பிள்ளைக்கும் தாயோடு பேசச் சில வீட்டுச் சைகைகள் மட்டும் இருந்தன. 1977இலும் அதன் பின் 1980களிலும் மனாகுவா நகரில் பாடசாலைகள் திறக்கப்பட்டு நூற்றுக்கணக்கான பிள்ளைகள் ஓரிடத்தில் கூடினார்கள். ஆசிரியர்கள் கற்பித்தது வாய்ப்பேச்சைத்தான். ஆனால் விளையாட்டுத் திடலிலும் பஸ்ஸிலும் பிள்ளைகள் தமது வீட்டுச் சைகைகளைக் கலந்து புதிய மொழியொன்றை உருவாக்கிவிட்டார்கள். பின்னால் வந்த சிறு பிள்ளைகள் அதை இன்னும் செம்மையாக்கினார்கள். 1986இல் அங்கு போன மொழியியலாளர் ஜூடி கெகல் அதை ஆராய்ந்து உலகுக்கு அறிவித்தார்.

இதன் மறுபக்கம் என்ன? கூடினால் வளரும் மொழி சிதறினால் தேய்ந்துவிடும். இடப்பெயர்வு எமது கேளாத பிள்ளைகளுக்குச் செய்வது இதைத்தான். எமது நாட்டில் கேளாதோர் பாடசாலைகள் குறைவு. பெரும்பாலும் விடுதியில் தங்கியே படிக்க வேண்டும். குடும்பம் இடம்பெயரும்போது பிள்ளையை விடுதியிலிருந்து கூட்டிக்கொண்டு வந்துவிடுகிறோம். ஆபத்துக் காலத்தில் பிள்ளை பக்கத்தில் இருக்க வேண்டும் என்று நினைப்பது இயல்பு. ஆனால் புதிய இடத்தில் கூடப்பிறந்தவர்கள் இரண்டொரு மாதத்தில் பாடசாலைக்குப் போய்விடுகிறார்கள். கேளாத பிள்ளை போவதில்லை. காணி போனது எல்லோருக்கும். மொழியும் சேர்ந்து போனது அந்தப் பிள்ளைக்கு மட்டும்.

முன்னர் சொன்ன வேறுபாட்டை இங்கே நினைவுகூருவோம். வசிஷ்டாவுக்குப் பதினொரு வயதுவரை மொழி இருந்தது. அதனால் ஒன்பது ஆண்டுகள் தனித்திருந்தும் அவர் எழுந்து நின்றார். பிறவியிலேயே கேளாத பிள்ளைக்கு, அல்லது ஒன்றிரண்டு வயதில் கேட்கும் சக்தியை இழந்த பிள்ளைக்கு, அப்படிக் காத்திருக்க அவகாசம் இல்லை. மொழி மூளையில் பதியும் காலம் சிறுபராயம். முதல் ஐந்து வருடங்கள் மிக மிக முக்கியமானவை. அந்தக் காலத்தில் கண்ணால் காணும் மொழியோ காதால் கேட்கும் மொழியோ ஏதாவது ஒன்று முழுமையாகக் கிடைக்காவிட்டால், பிற்காலத்தில் எதைக் கற்பதும் கடினமாகிவிடும். "வளரட்டும் பார்ப்போம்", "காணி கிடைத்த பின் பார்ப்போம்" என்று ஒத்திப்போடும் ஒவ்வொரு வருடமும் திரும்பி வராத வருடம்.

சைகை பழக்கினால் பேச்சு வராது என்ற பயம் பல பெற்றோரிடம் உண்டு. இது மிலான் காலத்துப் பயம். ஒரு மொழி நன்றாகப் பதிந்த பிள்ளைக்கு இரண்டாவது மொழியும் எழுத்தும் இலகுவாகும். காது கேட்கும் கருவி பொருத்துவது, பேச்சுப் பயிற்சி கொடுப்பது ஆகியவற்றுக்கும் சைகை தடையல்ல.

எமது நாட்டில்

இலங்கையில் இப்பணியைத் தொடக்கியது திருச்சபையே. 1912இல் மேரி சாப்மன் என்ற அங்கிலிக்கன் மிஷனரிப் பெண்மணி கேளாதோருக்கும் பார்வையற்றோருக்குமான முதற் பாடசாலையை ஆரம்பித்தார். இரத்மலானையில் இன்றும் அது நடைபெறுகிறது. யாழ்ப்பாணத்தில் கைதடி நவீல்ட் பாடசாலை தமிழ்ப் பிள்ளைகளுக்கு நீண்ட காலமாகச் சேவை செய்து வருகிறது. பாடசாலைக்குப் பாடசாலை சைகைகள் மாறுபடுவது எமது நாட்டில் உண்டு. நான்கு இந்திய நகரங்களில் வசிஷ்டா செய்தது போன்ற பொறுமையான வேலை, சிங்களக் குடும்பங்களிலும் தமிழ், முஸ்லிம் குடும்பங்களிலும் பிறந்த கேளாதோர் எல்லோரையும் சேர்த்துக்கொண்டு இங்கும் நிறைய நடக்க வேண்டியிருக்கிறது. அந்த வேலையைக் கேளாதவர்களே முன்னின்று செய்வதுதான் பொருத்தம்.

சட்டமும் எமது பக்கம் இருக்கிறது. வலது குறைந்தோரின் உரிமைகளைப் பாதுகாக்கும் 1996ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம், வலது குறைவைக் காரணம் காட்டிக் கல்வி நிலையத்திலோ வேலையிலோ பாகுபாடு காட்டக்கூடாது என்கிறது. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகள் பற்றிய ஐக்கிய நாடுகள் சமவாயத்தை இலங்கை 2016 பெப்ரவரியில் ஏற்று உறுதிசெய்தது. மொழி என்பதில் சைகை மொழியும் அடங்கும் என்று அச்சமவாயம் வரையறுக்கிறது. அனர்த்த காலங்களில் மாற்றுத்திறனாளிகளின் பாதுகாப்பை அரசு உறுதிசெய்ய வேண்டும் என்றும் சொல்கிறது.

இந்தக் கடைசி விடயம் மலைநாட்டில் உயிர்ப் பிரச்சினை. 2014 ஒக்டோபரில் கொஸ்லாந்தை மீரியபெத்தைத் தோட்டத்தில் லயன்கள் மண்ணுக்குள் புதைந்ததை நாம் மறக்கவில்லை. மண்சரிவு எச்சரிக்கை எமக்கு வருவது பெரும்பாலும் ஒலியாக. ஒலிபெருக்கி, சைரன், வானொலி, அயலவரின் கூக்குரல். மலை உறுமுவதும் ஒலிதான். இவற்றில் ஒன்றும் கேளாத பிள்ளையை எட்டாது. இருட்டில் விளக்கும் இல்லாவிட்டால் எமது கை அசைவும் எட்டாது.

நாம் செய்யக்கூடியவை

1. நேரத்தோடு பரிசோதியுங்கள். சத்தத்துக்குத் திரும்பாத குழந்தை, ஒன்றரை வயதாகியும் ஒரு சொல்லும் சொல்லாத குழந்தை, காதில் அடிக்கடி சீழ் வடியும் குழந்தை ஆகியோரைக் குடும்பநல மாதுவிடம் காட்டி, கண்டிப் பெரியாஸ்பத்திரியின் காது, மூக்கு, தொண்டைப் பிரிவுக்கு அனுப்பச் சொல்லிக் கேளுங்கள்.

2. தடுப்பூசியைத் தவறவிடாதீர்கள். வசிஷ்டாவைத் தாக்கிய கூகைக்கட்டுக்கு இன்று தடுப்பூசி உண்டு. சின்னமுத்து, ருபெல்லா, கூகைக்கட்டு மூன்றுக்கும் சேர்ந்த ஊசி எமது நாட்டில் பிள்ளைகளுக்கு இலவசமாகப் போடப்படுகிறது. இடம்பெயர்ந்தபோது பிள்ளையின் சுகாதார அட்டை தொலைந்திருந்தால் புதிய இடத்துக் கிளினிக்கில் உடனே சொல்லிப் பதியுங்கள்.

3. வீட்டுச் சைகைகளை இகழாதீர்கள். சாப்பாடு, தண்ணீர், மாடு, மழை என்று தாயும் பிள்ளையும் ஆக்கிக்கொண்ட சைகைகள் மொழியின் முளைகள். வீட்டில் உள்ள எல்லோரும், முக்கியமாகத் தகப்பனும் அண்ணன், அக்காமாரும், அவற்றைப் பழகட்டும். ஆனால் அதோடு நின்றுவிட வேண்டாம். முளைக்கு வயல் வேண்டும்.

4. மற்றக் கேளாதவர்களோடு சேரவிடுங்கள். பக்கத்துக் கிராமத்தில் பெரியவர் ஒருவர் சைகை அறிந்தவராக இருந்தால் அவரே உங்கள் பிள்ளைக்கு ஆசிரியர். மாதம் ஒரு முறையாவது குடும்பங்கள் கூடலாம். பங்கு மண்டபத்தையோ சனசமூக நிலையத்தையோ கேட்டால் மறுக்கமாட்டார்கள்.

5. பாடசாலையைத் தேடுங்கள். பிரதேச செயலகத்தின் சமூக சேவை உத்தியோகத்தரிடமும் வலயக் கல்வி அலுவலகத்திலும் விசேட கல்வி பற்றி விசாரியுங்கள். தனியாகப் போகத் தயங்கினால் இரண்டு மூன்று குடும்பங்களாகச் சேர்ந்து போங்கள்.

6. ஆபத்துக்கு ஒரு சைகை வைத்துக்கொள்ளுங்கள். "மண் சரிகிறது, உடனே வெளியேறு" என்பதற்குக் குடும்பம் முழுவதும் ஒரே சைகையைப் பழகுங்கள். மழை இரவுகளில் பிள்ளை யார் பக்கத்தில் படுப்பது, யார் தட்டி எழுப்பிக் கையைப் பிடிப்பது என்பதை முன்பே தீர்மானியுங்கள். தலைமாட்டில் டோர்ச் இருக்கட்டும். ஊர் அனர்த்தக் குழுவின் பட்டியலில் பிள்ளையின் பெயரைப் பதிவுசெய்யுங்கள்.

இந்தோனேசியாவின் பாலித் தீவில் பெங்கலா என்ற விவசாயக் கிராமம் இருக்கிறது. அங்கே பல தலைமுறைகளாகக் கேளாதவர்கள் பிறந்து வருவதால், காது கேட்கும் அயலவர்களில் பெரும்பாலோரும் கைமொழி பேசுகிறார்கள். வயலிலும் சடங்கிலும் சந்தையிலும் கேளாதவர்கள் தனித்து நிற்பதில்லை. அந்த மக்கள் பல்கலைக்கழகம் போகவில்லை. தம் அயலவரோடு பேச விரும்பினார்கள், பழகிக்கொண்டார்கள். எமது குடியேற்றங்களிலும் இது முடியாத காரியமல்ல.

வேதாகமத்தில் சக்கரியா பேச முடியாதிருந்தபோது அயலவர் சைகை காட்டி அவரிடம் கேட்டார்கள். அவர் பலகையில் எழுதிப் பதில் தந்தார். பிள்ளைக்குப் பெயரிடும் உரிமை பேச முடியாத அந்தத் தகப்பனிடமிருந்து பறிக்கப்படவில்லை. கேளாத மனிதர் ஒருவரை இயேசுவிடம் கொண்டுவந்தபோது, அவர் அம்மனிதரைக் கூட்டத்திலிருந்து தனியே அழைத்துச் சென்று, காதையும் நாவையும் தொட்டார் என்று மாற்கு எழுதுகிறார். கேளாதவருக்கு விளங்கும் வழியில் முதலில் அவரோடு பேசினார் என்றே நாம் இதை வாசிக்கிறோம்.

உங்கள் குடியேற்றத்தில் எத்தனை பிள்ளைகள் இப்படி இருக்கிறார்கள் என்று இந்த மாதமே மாதர் சங்கமும் இளைஞர் குழுவும் வீடு வீடாகப் பார்த்து எழுதி வையுங்கள். மூன்று நான்கு பெயர்கள் சேர்ந்தாலே ஒரு கூட்டம் தொடங்கப் போதும்.